பெட்டிக்குள் ஐந்து கோடுகள்: ஐஸ் பெட்டியை மாற்றினோம், வாங்கியவர்களிடம் சொன்னோம், கேட்டோம்

மண்டபத்துக்கும் உச்சிப்புளிக்கும் இடையில் எங்கள் ஃபைபர் பட்டறை. நாட்டுப்படகுக்கு 100 லிட்டர், மீன் விற்கப் போகும் பெண்களுக்கு 50 லிட்டர் என்று இரண்டு அளவில் ஐஸ் பெட்டி செய்கிறோம். இந்த வருஷம் பெட்டியில் நான்கு மாற்றங்கள். அடிப்பக்கத்தில் சூட்டைத் தடுக்கும் பஃப் (பாலியூரித்தேன் நுரை) 40 மில்லிமீட்டரிலிருந்து 60 ஆகக் கூடியிருக்கிறது. தண்ணீர் வடியும் துளை அரை அங்குலத்திலிருந்து ஒரு அங்குலம் ஆகியிருக்கிறது. மூடியின் ரப்பர் பீடிங்கை முன்பு பசை வைத்து ஒட்டுவோம். இப்போது மூடியிலேயே காடி (நீளப் பள்ளம்) விட்டு அதில் அழுத்திப் பொருத்துகிறோம். நாலாவதாக, உள்சுவரில் நீல நிறத்தில் ஐந்து கோடுகள்.

முதல் மூன்றும் மீனுக்காகச் செய்தவை. கோடுகள் பேச்சுக்காக. வாங்கியவர்கள் பெட்டியைப் பற்றி எங்களிடம் உள்ளது உள்ளபடி சொல்ல ஒரு வழி வேண்டும் என்றுதான் அதைப் போட்டோம். பொருளில் ஒரு மாற்றம் செய்தால் அதை வாடிக்கையாளரிடம் எப்படிச் சொல்வது, அவர்கள் நினைப்பதை எப்படி வாங்குவது என்று சின்னத் தொழில் செய்கிற நண்பர்கள் பலர் கேட்கிறார்கள். எங்கள் அனுபவத்தில் இவை இரண்டும் ஒரே வேலை. சொல்லும்போதே கேட்பதற்கான வழியையும் பொருளுக்குள் வைத்துவிட வேண்டும்.

ஏன் கோடு என்று புரிய ஒரு கணக்கு வேண்டும். ஒரு கிலோ ஐஸ் உருகும்போது 80 கிலோகலோரி வெப்பத்தை இழுத்துக்கொள்ளும். 30 டிகிரியில் இருக்கும் ஒரு கிலோ மீனை 0 டிகிரிக்குக் கொண்டுவர ஏறக்குறைய 25 கிலோகலோரி போதும். கணக்குப்படி ஒரு கிலோ ஐஸ் மூன்று கிலோ மீனுக்குத் தாராளம். ஆனால் நம் வெயிலுக்கு ஒன்றுக்கு ஒன்று போடச் சொல்வதுதான் வழக்கம். மிச்ச ஐஸ் சுவர் வழியாகவும், மூடி இடுக்கு வழியாகவும், சுட்டுக் கிடக்கும் சிமெண்டுத் தரையிலிருந்து அடிப்பக்கம் வழியாகவும் உள்ளே ஏறும் சூட்டுக்குப் போகிறது. ஐஸ் காசு கொடுத்து வாங்குவது. பெட்டி நல்ல பெட்டியா என்பதற்கு ஒரே சாட்சி, கரைக்கு வந்து மூடியைத் திறக்கும்போது உள்ளே எவ்வளவு ஐஸ் கிடக்கிறது என்பதுதான்.

அதை வாயால் கேட்டு வாங்க முடியாது. "பொட்டி எப்படிண்ணே இருக்கு?" என்றால் "நல்லாருக்கு தம்பி" என்பார்கள். முகத்துக்கு நேரே குறை சொல்ல நம் ஆட்களுக்கு மனசு வராது. செய்தவனே எதிரில் நின்று கேட்டால் சுத்தமாக வராது. "ஐஸ் எவ்வளவு மிச்சம் இருந்துச்சு?" என்று கேட்டால் ஒருவர் "கொஞ்சம்" என்பார், இன்னொருவர் "நெறைய" என்பார், இரண்டு பேரும் ஒரே அளவைத்தான் சொல்லியிருப்பார்கள். உள்ளே கோடு இருந்தால் "மூணாங் கோடு வரைக்கும் கெடந்துச்சு" என்று சொல்லலாம். அது குறையும் இல்லை, புகழ்ச்சியும் இல்லை. சொல்பவருக்கும் சங்கடம் இல்லை, கேட்பவனுக்கும் இல்லை.

கோடு போட்ட விதத்தைச் சொல்லிவிடுகிறேன், ஃபைபர் வேலை செய்பவர்களுக்கு உதவும். உள்மோல்டில் கீறி, மேடான கோடு வரச் செய்யலாம் என்றுதான் யாருக்கும் முதலில் தோன்றும். அப்படிச் செய்தால் குறுக்குக் கோடு மோல்டைக் கவ்விக்கொள்ளும், பெட்டி கழன்று வராது. மேட்டின் ஓரத்தில் செதிலும் கொழுப்பும் தங்கி நாற்றமும் அடிக்கும். அதனால் நிறத்தை வைத்தே செய்தோம். வாக்ஸ் போட்ட மோல்டில் 5 சென்டிமீட்டருக்கு ஒன்றாக இரண்டிரண்டு மாஸ்கிங் டேப் ஒட்டி, நடுவில் விட்ட சந்தில் நீலப் பிக்மென்ட் கலந்த ஜெல்கோட்டை (பெட்டியின் மேற்பூச்சாக வரும் ரெசின்) தூரிகையால் இழுத்தோம். அது இறுகத் தொடங்கி விரலில் லேசாகப் பிசுபிசுக்கும் பதத்தில் டேப்பை உரித்துவிட வேண்டும். முழுக்க இறுகிய பிறகு உரித்தால் கோட்டின் ஓரம் பிய்ந்துவிடும். அதன் மேல் வெள்ளை ஜெல்கோட், அப்புறம் வழக்கம்போல மேட் என்கிற கண்ணாடி இழை விரிப்பும் ரெசினும். மோல்டில் முதலில் பூசியதுதான் பெட்டியில் மேற்புறமாக வரும் என்பதால், கழற்றும்போது கோடு வெள்ளையோடு வெள்ளையாகச் சமமாக உட்கார்ந்திருக்கும். தேங்காய் நார் வைத்துத் தேய்த்தாலும் போகாது. இடையில் ஒரு எச்சரிக்கை: ரெசினை இறுகவைக்கச் சேர்க்கும் கோபால்ட்டையும் கேட்டலிஸ்ட்டையும் ஒன்றோடொன்று நேராகக் கலக்கவே கூடாது, வெடிக்கும். ஒன்றை ரெசினில் முழுக்கக் கலக்கி முடித்த பிறகுதான் மற்றதைத் தொட வேண்டும். பட்டறைக்குப் புதிதாக வரும் பையன்களுக்கு வேறெதற்கும் முன்னால் நாங்கள் சொல்லிக் கொடுப்பது இதுதான்.

இனி சொல்லும் வேலை. யாரிடம் சொல்வது?

பெட்டிக்குப் பணம் கொடுப்பவர் சம்மாட்டி, அதாவது படகுக்குச் சொந்தக்காரர். அதில் ஐஸ் உடைத்துப் போட்டு, மீனை அடுக்கி, கடைசியில் கழுவிக் கவிழ்ப்பவர்கள் வள்ளத்தில் (நாட்டுப்படகில்) போகிறவர்கள். 50 லிட்டர் பெட்டியில் கதை வேறு. பல ஊர்களில் மகளிர் குழுக் கடனில் மொத்தமாக வாங்குவார்கள். பணம் கட்டி ரசீது வாங்குபவர் குழுத் தலைவி, சுமந்து போய் விற்பவர் வேறொருவர். வாங்கியவருடைய நம்பர் மட்டும் நம் கையில் இருந்தால் நாம் சொல்லும் செய்தி பெட்டியைத் தொடாதவரிடம் போய் நின்றுவிடும். அவரிடம் கருத்துக் கேட்டால் விலையைப் பற்றி மட்டும்தான் பேசுவார். அதனால் எங்கள் விற்பனை நோட்டில் ஒரு பெட்டிக்கு இரண்டு நம்பர் எழுதும் பழக்கம் உண்டு: காசு கொடுத்தவர், கை வைப்பவர். மூடியின் உட்புறத்தில் பெட்டி எண்ணை மெல்லிய காகிதத்தில் அச்சிட்டு, மேலே நிறமில்லாத ரெசின் விட்டுப் பதித்துவிடுகிறோம். பிறகு அந்தப் பெட்டி யார் கைக்கு மாறினாலும் எண்ணைச் சொன்னால் போதும், எந்தத் தடவை வார்த்தது, எந்தப் பீடிங், எந்த அடைப்பான் என்று நோட்டைப் பார்த்துச் சொல்லிவிடலாம்.

எப்போது சொல்வது என்பதும் லேசான கேள்வி இல்லை. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். எல்லாப் படகும் கரையில் கிடக்கும், எல்லாரும் கையில் நேரத்தோடு இருப்பார்கள், அப்போது சொல்லலாம் என்று வெளியூரிலிருந்து பார்ப்பவர்களுக்குத் தோன்றும். எங்கள் வாடிக்கையாளர்கள் நாட்டுப்படகுக்காரர்கள். தடை அவர்களுக்குக் கிடையாது. விசைப்படகு மீன் வராததால் அந்த இரண்டு மாதமும் அவர்கள் மீனுக்கு நல்ல விலை. கையில் காசு இருக்கும், நிற்க நேரம் இருக்காது. அதனால் தடைக்காலம் தொடங்கும் முன்பே, பங்குனியில் சொல்லி முடித்துவிட வேண்டும் என்று வைத்துக்கொண்டோம். கிழமையும் பார்க்க வேண்டும். பெரியபட்டினம், கீழக்கரை பக்கம் வெள்ளிக்கிழமை ஆட்கள் கரையில் இருப்பார்கள். பாம்பன், தங்கச்சிமடம் பக்கம் கோயிலுக்குப் போய்விட்டு வந்து ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வலையின் கிழிசலைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். ஏலக் கூடத்தில் மட்டும் வாயைத் திறக்கக் கூடாது. மீன் விலை ஓடிக்கொண்டிருக்கிற நேரத்தில் பெட்டியைப் பற்றிப் பேசுபவன் அத்தனை பேருக்கும் இடைஞ்சல்.

யாருக்கு முதலில் என்பதில் எனக்குச் சந்தேகமே கிடையாது. ஏற்கெனவே வாங்கியவர்களுக்குத்தான். புதுப் பெட்டி ஒன்று பக்கத்து வள்ளத்தில் ஏறுவதைப் பழைய வாடிக்கையாளர் கண்ணால் பார்த்துத் தெரிந்துகொண்டால், "நம்ம தலையில பழசக் கட்டிட்டான்" என்றுதான் நினைப்பார். அந்த நினைப்பை அப்புறம் எந்தத் தள்ளுபடியாலும் மாற்ற முடியாது. ஆகவே பழைய பெட்டிக்கு என்ன செய்து தர முடியும், என்ன செய்ய முடியாது என்பதை முடிவு செய்யாமல் ஒரு புதுப் பெட்டியைக்கூட வெளியே விடவில்லை.

துளையைப் பெரிதாக்கித் தருவது இலவசம். இதில் ஒரு நுணுக்கம் இருக்கிறது. ஹோல் சா வைத்து ஒரு அங்குலத் துளை போட்டதும் ஓரத்தில் மஞ்சள் பஃப் வெளியே தெரியும். அப்படியே விட்டால் உருகின தண்ணீர் மெல்ல மெல்ல அதற்குள் இறங்கும். பஃப் தண்ணீர் குடித்தால் சூட்டைத் தடுக்கும் குணம் போய்விடும், பெட்டியும் கனத்துக்கொண்டே வரும். வெளியிலிருந்து பார்த்தால் ஒன்றும் தெரியாது, ஐஸ் மட்டும் சீக்கிரம் தீரும். துளை ஓரத்தை ரெசினும் துண்டு மேட்டும் வைத்து அடைத்து, இறுகிய பிறகு எமரி போட்டு வழவழப்பாக்கித்தான் கொடுக்கிறோம். வீட்டில் தாங்களே துளை போட்டுக்கொள்ள வேண்டாம் என்பதையும் அறிவிப்பில் சேர்த்தோம். காடி வைத்த புது மூடி வேண்டுமென்றால் பொருள் விலைக்கு. கோடுகளை எப்பாக்ஸி பெயிண்டில் வரைந்து தருகிறோம். புதுப் பெட்டியில் இருக்கும் அளவுக்கு அது நாள்படாது. அடிப்பக்கத்து பஃப்பைப் பழைய பெட்டியில் கூட்ட வழியே இல்லை. அதையும் மறைக்காமல் சொன்னோம்.

அறிவிப்பை எழுதி எழுதி அடித்தோம். பொருளை விற்கிறவன் பேனாவில் தானாக வந்து விழும் வாசகங்கள் உண்டு: புதிய தொழில்நுட்பம், மேம்பட்ட தரம், நீடித்த உழைப்பு. இதில் எதையும் கையால் தொட்டுப் பார்க்க முடியாது. கடைசியில் நின்றது இதுதான். ஐஸ் கம்பெனிச் சுவரில் பெரிய எழுத்தில் ஒட்டினோம், அதையே வாயால் பேசி வாட்ஸ்அப்பிலும் அனுப்பினோம் (காக்கா என்பது எங்கள் பக்கம் முஸ்லிம் அண்ணன்களைக் கூப்பிடும் சொல்):

"அண்ணே, அக்கா, காக்கா, எல்லாருக்கும் வணக்கம். நம்ம ஐஸ் பொட்டி மாறியிருக்கு. மொதல்ல கொறஞ்சதச் சொல்லிர்றேன். 100 லிட்டர் பொட்டியில அஞ்சு லிட்டர் எடம் கொறஞ்சிருக்கு, கனமும் கொஞ்சம் கூடியிருக்கு. அடியில தடிமன் கூட்டுனதுனால அப்படி. வெளி அளவு மாறல, வள்ளத்துல பழைய எடத்துலயே உக்காரும். தண்ணி போற தொளை பெருசாயிருக்கு, செதில் அடைக்காது. மூடி ரப்பர் கிழிஞ்சா நீங்களே கையால புடுங்கிட்டு வேற மாட்டிக்கலாம். பழைய பொட்டி வச்சிருக்கவங்க கொண்டாங்க, தொளை சும்மா பெருசு பண்ணித் தர்றோம். அடித் தடிமன் மட்டும் பழசுல கூட்ட முடியாது. உள்ள அஞ்சு கோடு போட்டுருக்கோம். கரைக்கு வந்து மூடியத் தொறந்ததும் ஐஸ் எந்தக் கோட்டுல கெடக்குன்னு ஒரு போட்டோ எடுத்து எனக்கு அனுப்புங்க. வேற ஒண்ணும் எழுத வேணாம்."

குறைந்ததை முதலில் சொல்லலாமா என்று பட்டறையிலேயே பலமான வாக்குவாதம். நான் விடவில்லை. ஐந்து லிட்டர் இடம் போனால் அதற்கேற்ற மீனும் குறையும். அதை வாங்கியவர் கடலில் மீனை அடுக்கும்போதுதான் கண்டுபிடித்தார் என்றால் அதற்கு மேல் நாம் சொல்லும் எதையும் நம்ப மாட்டார். முதலிலேயே சொல்லிவிட்டால், பின்னால் வரும் நல்லதையும் நம்புவார். வெளி அளவு மாறவில்லை என்ற வரியும் அதே அளவுக்கு முக்கியம். பெட்டி உட்காரும் இடம் வள்ளத்தில் குறுக்குப் பலகைகளுக்கு நடுவே கணக்காக இருக்கும். எது மாறவில்லை என்பதைச் சொல்லாத அறிவிப்பைக் கேட்டவுடன் வரும் முதல் கேள்வி, "அப்ப நம்ம வள்ளத்துல நிக்காதா?" என்பதுதான்.

"ரெண்டு நாள் ஐஸ் நிக்கும்" என்று ஒரு வரி போட்டால் விற்பனை கூடும். போடவில்லை. எத்தனை தடவை மூடியைத் திறக்கிறார்கள், மீன் எவ்வளவு சூட்டோடு உள்ளே விழுகிறது, பெட்டி வெயிலில் கிடக்கிறதா, சாக்கு போட்டு மூடியிருக்கிறார்களா என்பதையெல்லாம் பொறுத்தது அது. காற்றும் காலமும் வேறு. வாடை வீசும் மாதங்களில் எந்தப் பெட்டியிலும் ஐஸ் கொஞ்சம் கூடுதலாக நிற்கும். கச்சான் (மேல்காற்று) காலத்து வெயிலில் நல்ல பெட்டியும் திணறும். தை மாதம் ஒருவர் "புதுப் பொட்டி பிரமாதம்" என்றால் அதில் பாதிப் பெருமை வாடைக்குத்தான் போக வேண்டும். இதைப் பிரித்துப் பார்க்க ஒரே வழி, பழைய பெட்டியும் புதுப் பெட்டியும் ஒரே வள்ளத்தில், ஒரே நாளில், ஒரே நிறை ஐஸோடு, பக்கத்துப் பக்கத்தில் போய் வருவது. நண்டு வலைக்குப் போகும் சில வள்ளங்கள் இதற்குச் சம்மதித்தார்கள். கரைக்கு வந்து இரண்டையும் ஒன்றாகத் திறந்தபோது புதுசில் பெரும்பாலும் ஒரு கோடு கூடுதலாக ஐஸ் இருந்தது. அறிவிப்பில் பின்னால் சேர்த்த வாசகம் அதுதான்: பழசையும் புதுசையும் ஒரே வள்ளத்தில் வைத்துப் பார்த்தோம், புதுசில் ஒரு கோடு கூட இருந்தது. அதற்கு மேல் ஒரு சொல் சேர்க்கவில்லை.

வாட்ஸ்அப்பில் சில விஷயங்கள் தெரிந்திருக்க வேண்டும். பிராட்காஸ்ட் பட்டியல் ஒன்றில் 256 பேர் வரைதான் சேர்க்க முடியும். அதைவிட முக்கியம், நம் நம்பரைத் தங்கள் போனில் பதிந்து வைத்திருப்பவர்களுக்கு மட்டும்தான் அந்தச் செய்தி போய்ச் சேரும். நாம் அனுப்பியதாகக் காட்டும், அவர்களுக்கு வந்தே இருக்காது. எனவே பெட்டியைக் கொடுக்கும்போதே அவர்கள் போனில் நம் நம்பரை "ஐஸ் பொட்டி" என்று பதிந்து, ஒரு மிஸ்டு கால் கொடுத்துப் பார்த்துவிடுகிறோம். எழுத்தைவிடக் குரல் நல்லது. கையெல்லாம் ஈரமும் செதிலுமாக இருப்பவர் போனைத் தட்டிவிட்டுக் கேட்டுக்கொண்டே வேலையைப் பார்ப்பார். பாம்பனில் மீனவர்களுக்கென்றே நடக்கும் கடல் ஓசை 90.4 வானொலியை வலைக் கொட்டகைகளில் அப்படித்தான் கேட்கிறார்கள். பேசும் குரல் அந்த ஊர்ப் பேச்சாக இருந்தால் கடைசி வரை கேட்பார்கள். ஒரு நிமிஷத்துக்கு மேல் போனால் என் குரலானாலும் கேட்க மாட்டார்கள்.

குழு ஆரம்பிக்கச் சொல்லிப் பலர் யோசனை சொன்னார்கள். செய்தி சொல்லக் குழு சரி. கருத்துக் கேட்க ஆகாது என்பது என் உறுதியான எண்ணம். ஊரில் மதிப்புள்ள ஒருவர் முதலில் "பொட்டி அருமை" என்று போட்டுவிட்டால் கீழே வரிசையாகக் கைகூப்பும் படம்தான் வரும். அவருக்கு எதிராக யாரும் ஒரு வார்த்தை எழுத மாட்டார்கள். அவர் "சரியில்ல" என்று போட்டாலும் இதே கதைதான். ஒரு தலையின் கருத்தை ஐம்பது தலையின் கருத்தாக நாம் எண்ணிக்கொள்வோம். போட்டோ தனியாக எனக்கு வரட்டும் என்று வைத்ததற்குக் காரணம் இதுதான்.

போட்டோ வரத் தொடங்கியதும் நாங்கள் கேட்காததும் தெரிந்தது. ஐஸ் எந்தக் கோட்டில் என்று பார்க்கத்தான் படம். ஆனால் அதில் மூடியின் ஒரு மூலையில் பீடிங் வெளியே தள்ளிக்கொண்டிருப்பது தெரியும். அடைப்பான் கட்டிய கயிறு அறுந்து வேறு நைலான் நூல் கட்டியிருப்பது தெரியும். ஒரு படத்தில் துளைக்கு மேல் கிழிந்த வலைத் துண்டைச் செருகியிருந்தார்கள். ஏன் என்று கூப்பிட்டுக் கேட்டேன். "தொளை பெருசானதுல சூடைக் குஞ்சு தண்ணியோட சேந்து வெளிய போயிருது தம்பி" என்றார். சின்ன மீன் பிடிப்பவர்களுக்கு இப்போது சல்லடை வைத்த அடைப்பான் ஒன்று சேர்த்துக் கொடுக்கிறோம். "ஏதாவது குறை உண்டா?" என்று அவரிடம் கேட்டிருந்தால் இல்லை என்றுதான் சொல்லியிருப்பார். வலைத் துண்டு செருகியதோடு அவர் கணக்கில் அந்தக் குறை தீர்ந்துபோயிருந்தது. ஆட்கள் தாங்களாகவே செய்துகொண்ட ஒட்டுவேலைதான் நமக்குக் கிடைக்கும் மிகச் சிறந்த கருத்து என்பேன்.

50 லிட்டர் பெட்டி விஷயத்தில் பேச்சு நேராகவே வந்தது. பாம்பனிலிருந்து பஸ்ஸில் ராமநாதபுரம் போய்த் தெருத்தெருவாக மீன் விற்கும் அக்கா ஒருவர், அறிவிப்பைக் கேட்ட அன்றைக்கே கூப்பிட்டார்.

"தம்பி, வள்ளத்துக்குச் செஞ்ச தொளைய எங்க பொட்டியிலயும் வச்சா எப்படி?"

"ஏங்க்கா, தண்ணி நல்லா வடியணும்லக்கா?"

"வள்ளத்துல வடியணும். பஸ்ஸுல ஒரு சொட்டு வடியக்கூடாது. பக்கத்துல உக்காந்துருக்கவங்க சேலையில பட்டுச்சுன்னா கண்டக்டர் என்னத்தான் எறங்கச் சொல்வாரு. நீங்க வந்து பதில் சொல்வீங்களா?"

படகில் ரப்பர் அடைப்பான்தான் சரி. ஈரக் கையால் ஒரே இழுப்பில் வந்துவிட வேண்டும். மரை வைத்த மூடியென்றால் மணல் புகுந்து இறுகிக்கொள்ளும். பஸ்ஸில் போகும் பெட்டிக்கோ ரப்பர் அடைப்பான் ஆகாது. கூட்டத்தில் ஒரு கால் பட்டால் பிதுங்கிவிடும். அதற்கு மரை மூடியும் உள்ளே ஒரு வாஷரும் வேண்டும். வீட்டுக்கு வந்து நல்ல தண்ணீரில் கழுவுகிறவர்கள் என்பதால் மணல் பிரச்சினையும் குறைவு. அந்த ஒரு போனுக்குப் பிறகு இரண்டு பெட்டிக்கும் இரண்டு விதமான அடைப்பு என்று ஆனது. அந்த அக்காவையே பட்டறைக்கு அழைத்து, மரை மூடி போட்ட பெட்டியில் தண்ணீர் நிரப்பிச் சாய்த்து, கவிழ்த்து, உருட்டிப் பார்க்கச் சொன்னோம். அவர் சரி என்ற பிறகுதான் மற்றவர்களுக்குப் போனது.

வந்ததையெல்லாம் நோட்டில் எழுதுகிறோம். பெட்டி எண், சொன்னவர் காசு கொடுத்தவரா கை வைப்பவரா, வடகடலா (பாக் விரிகுடா) தென்கடலா (மன்னார் வளைகுடா), அன்றைய காற்று, பிறகு அவர் சொன்னது. கடைசி விஷயத்தில் மட்டும் நான் கண்டிப்பு. அவர் சொன்ன சொல்லிலேயே எழுத வேண்டும். "மூடி சரியாக மூடவில்லை" என்று சுருக்கி எழுதினால் உண்மை போய்விடும். "மூடிய சாத்துனா ஒரு பக்கம் தூக்குது, மேல ஆளு உக்காந்தாத்தான் படியுது" என்று எழுதினால், பீடிங் ஒரு பக்கம் தடிமனாக இருக்கிறது என்பது நோட்டைப் படிக்கும்போதே தெரிந்துவிடும்.

எதுவுமே சொல்லாதவர்களும் இருக்கிறார்கள். போட்டோவும் இல்லை, போனும் இல்லை. இவர்களைத் திருப்தியானவர்கள் கணக்கில் சேர்ப்பது சுலபம். நாங்கள் சேர்க்கவில்லை, தேடிப் போனோம். தேவிபட்டினம் பக்கம் ஒரு வீட்டில் எங்கள் பெட்டி கொல்லையில் கிடந்தது, உள்ளே அடுப்புக்கு வைத்த பனை மட்டை. மூடியில் கீல் பிடிக்கும் மூலை விரிசல் விட்டிருந்தது. "குழுவுல வாங்குன பொட்டி தம்பி. கடன் இன்னும் தீரல. இப்பப் போய்ப் பொட்டி ஒடஞ்சிருச்சுன்னு சொன்னா தலைவிக்குச் சங்கடம்" என்றார் அந்த மதினி. தெர்மோகோல் பெட்டியில் டேப் சுற்றித்தான் மீன் கொண்டு போய்க்கொண்டிருந்தார். காசு கொடுத்தவரும் கை வைப்பவரும் வேறாக இருந்தால் குறை இப்படித்தான் நடுவழியில் நின்றுவிடும். விரிசலை அன்றே ஒட்டிக் கொடுத்தோம். குழுப் பெட்டிகளில் கை வைப்பவர் நேராக எங்களிடம் பேசலாம், தலைவிக்கு அதனால் ஒன்றும் வராது என்று தலைவிகளையே அவர்கள் வாயால் சொல்லவைத்தோம். அதன் பிறகு இன்னும் சில மூலை விரிசல்கள் வெளியே வந்தன. எல்லாம் ஒரே மாதிரி விரிசல், எல்லாம் 50 லிட்டர். பஸ் ஏறும்போது மூடியைப் பிடித்துத் தூக்குகிறார்கள், பாரம் முழுவதும் கீலில் விழுகிறது.

கேட்டதையெல்லாம் செய்துவிட முடியாது. அதையும் திரும்பிப் போய்ச் சொல்ல வேண்டும். நம்மில் பலர் விட்டுவிடுவது இந்தப் பகுதியைத்தான். அடியில் சக்கரம் வைக்கச் சொல்லிப் பலர் கேட்டார்கள். கடற்கரை மணலில் சின்னச் சக்கரம் புதையும். அதை மாட்ட அடிப்பக்கத்தில் துளை போட்டால் தண்ணீர் பஃப்புக்குள் இறங்கும். காரணத்தோடு சொன்னபோது ஒருவரும் கோபப்படவில்லை. "அடியில ரெண்டு மரச் சட்டமாச்சும் வையிங்க, இழுத்துட்டுப் போவோம்" என்றார் பெரியபட்டினத்துக் காக்கா ஒருவர். சட்டத்தைத் துளையில்லாமல் ரெசினிலேயே ஒட்டிவிடலாம் என்பதால் அது இப்போது சோதனையில் இருக்கிறது. ஐந்து லிட்டரைத் திருப்பிக் கொடுங்கள் என்று கேட்டவர்களுக்கும் பதில் சொன்னோம்: பழைய தடிமனிலேயே பெட்டி வேண்டுமென்றால் செய்து தருகிறோம், ஆனால் ஒரு கோடு ஐஸ் குறையும். சிலர் அதையே வாங்கினார்கள். குறைந்த நேரக் கடலுக்குப் போகிறவர்களுக்கு இடம்தான் முக்கியம், அவர்கள் கணக்கு அவர்களுக்குச் சரி.

இரண்டாவது அறிவிப்பு முழுக்க இந்தப் பதில்கள்தான். நீங்கள் சொன்னதில் சல்லடை அடைப்பானும் மரை மூடியும் வந்துவிட்டன, சக்கரம் வராது, காரணம் இது, மரச் சட்டம் பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்று ஒரு நிமிஷத்துக்குள் பேசி அனுப்பினேன். முதல் அறிவிப்புக்கு வந்ததைவிட இதற்கு வந்த பதில்கள் அதிகம். அதுவரை ஒரு போட்டோகூட அனுப்பாதவர்களும் பேசினார்கள்.

இப்போது பட்டறையில் 50 லிட்டர் மூடியின் கீல் மாறிக்கொண்டிருக்கிறது. இரும்புக் கீலை எடுத்துவிட்டு, இரண்டு பக்கமும் கயிறு கோத்த கைப்பிடியும், மூடிக்குத் துணிப் பட்டை வாரும் வைத்துப் பார்க்கிறோம். யார் தூக்கினாலும் கை முதலில் கயிற்றுக்குத்தான் போக வேண்டும். முதல் சில பெட்டிகள் தேவிபட்டினத்து மதினிக்கும் அவர்கள் குழுவுக்கும் போகும். வாடை தொடங்கி வடகடல் இரைவதற்கு முன்பே கொடுத்துவிட வேண்டும். மீன் குறைந்த மாதங்களில் பெட்டிக்கு வேலை இருக்காது, நமக்குச் சொல்லவும் அவர்களிடம் ஒன்றும் இருக்காது.